டீக்கடையில் நிற்பவரை இந்தப் பக்கம் வரவழைப்பது எப்படி? போராட்டப் பேச்சுக்கு ஒரு முழு வழிகாட்டி

தாலுகா அலுவலகத்துக்கு எதிரில் ஓர் ஆர்ப்பாட்டம். சாமியானா, மைக் செட், நாற்பது பேர். ஒருவர் தொண்டை கிழியப் பேசிக்கொண்டிருக்கிறார். எதிர்ச்சாரி டீக்கடையில் பத்துப் பேர் கையில் கிளாஸோடு வேடிக்கை பார்க்கிறார்கள். அதில் ஒருவர் பக்கத்தில் நிற்பவரிடம் கேட்கிறார்: "என்னங்க விஷயம்?" "தெரியலீங்க, ஏதோ கட்சிக்காரங்க போல."

இதை நான் பல முறை காதால் கேட்டிருக்கிறேன். குடிநீர், சாலை, ரேஷன் கடை என்று எங்கள் பகுதிப் பிரச்சினைகளுக்கு நோட்டீஸ் எழுதிக் கொடுப்பது என் பழக்கம். எழுதத் தொடங்கிய புதிதில் ஒரு நோட்டீஸில் 14 கோரிக்கைகளை வரிசையாகப் போட்டேன். மறுநாள் எங்கள் ஆட்களிடமே கேட்டுப் பார்த்தேன். மூன்றுக்கு மேல் யாருக்கும் நினைவில் இல்லை. அதற்குப் பிறகுதான் பெரிய இயக்கங்கள் எப்படிப் பேசின என்று தேடிப் படிக்க ஆரம்பித்தேன். அதிகம் கற்றுக்கொடுத்தது 1930 உப்பு சத்தியாகிரகம்.

கீழே சொல்லும் ஒவ்வொரு படிக்கும் ஒரே உதாரணத்தை எடுத்துக்கொள்வோம். ஒரு கிராமத்துக்குக் காலை 7.10க்கும் மாலையிலும் வந்துகொண்டிருந்த டவுன் பஸ் நிறுத்தப்பட்டுவிட்டது. பள்ளிப் பிள்ளைகள் 4 கிலோமீட்டர் நடக்கிறார்கள். பஸ் மறுபடி வர வேண்டும்.

படி 1: யாரிடம் பேசுகிறீர்கள் என்று முடிவு செய்யுங்கள்

ஆர்ப்பாட்டத்தில் நிற்பவர்களுக்கு விஷயம் தெரியும். உள்ளே உட்கார்ந்திருக்கும் அதிகாரிக்கும் தெரியும், அவர் மைக் சத்தத்தில் மனம் மாறப்போவதில்லை. தெரியாதவர் டீக்கடையில் நிற்பவர்தான். அவர் உங்கள் பக்கம் சாய்ந்தால் அதிகாரியின் கணக்கு மாறும். எதை எழுதினாலும், எதைப் பேசினாலும் அவர் முகத்தை மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

1930 ஏப்ரல் 5 அன்று தண்டி கடற்கரையில் காந்தி எழுதிக் கொடுத்த செய்தி ஒரே வாக்கியம்: வலிமைக்கு எதிராக நியாயம் நடத்தும் இந்தப் போரில் உலகத்தின் அனுதாபம் எனக்கு வேண்டும். வைஸ்ராயிடம் எதையும் கேட்கவில்லை, தொண்டர்களுக்கு வீரவுரை எழுதவில்லை. கடல் தாண்டி வேடிக்கை பார்த்துக்கொண்டிருந்தவர்களிடம் பேசினார்.

படி 2: கோரிக்கையைக் கைக்கு அடக்கமாக்குங்கள்

1929 டிசம்பரில் லாகூர் காங்கிரஸ் முழு விடுதலைதான் இலக்கு என்று தீர்மானம் போட்டது. சரி, முழு விடுதலைக்காக ஒரு விவசாயக் கூலி நாளைக் காலையில் எழுந்து என்ன செய்வார்? அதற்குத் தீர்மானத்தில் பதில் இல்லை. 1930 ஜனவரி இறுதியில் காந்தி 11 அம்சப் பட்டியல் ஒன்றை வெளியிட்டார். மதுவிலக்கு, நிலவரியைப் பாதியாக்குவது, ராணுவச் செலவைப் பாதியாக்குவது, ரூபாயின் மாற்று விகிதம், அயல்நாட்டுத் துணிக்குச் சுங்கம், அரசியல் கைதிகள் விடுதலை என்று போனது அது. உப்பு வரி அதில் ஒன்று, அவ்வளவுதான். அந்த 11ல் இருந்து உப்பை மட்டும் உருவி எடுத்ததைத்தான் நான் அவருடைய பெரிய சாமர்த்தியம் என்பேன்.

மாற்று விகிதத்துக்காக ஊர்வலம் போயிருந்தால் பம்பாய் வியாபாரிக்குப் புரிந்திருக்கும், தஞ்சாவூர் நடவாளுக்குப் புரிந்திருக்காது. உப்பு வேறு மாதிரி. எந்த மதம், எந்த சாதியாக இருந்தாலும் கஞ்சிக்கு உப்பு வேண்டும். வெயிலில் உழைத்து வேர்வை சிந்துகிறவனுக்கு இன்னும் கூடுதலாக வேண்டும். கடல் இலவசமாகத் தருவதை அள்ளினால் குற்றம் என்று சட்டம் சொன்னது. இதில் விளக்கிச் சொல்ல எதுவுமே இல்லை. தமிழில் உப்புக்கு இன்னொரு கனமும் உண்டு. ரோஷம் இல்லாதவனைப் பார்த்து, "சோத்துல உப்பு போட்டுத்தானே திங்கிற?" என்று கேட்கிற மொழி நம்முடையது.

காங்கிரஸ் தலைவர்களிலேயே பலர், இவ்வளவு பெரிய விஷயத்துக்கு உப்பா என்று குழம்பினார்கள். உப்புப் போராட்டம் பற்றிய நினைப்பு இப்போதைக்குத் தன் தூக்கத்தைக் கெடுக்கவில்லை என்று வைஸ்ராய் இர்வின் லண்டனுக்கு எழுதினார்.

கேரளத்தின் வைக்கத்திலும் 1924ல் இதே வேலை நடந்தது. தீண்டாமை ஒழிய வேண்டும் என்பது இலக்கு. கேட்டதோ கோயிலைச் சுற்றியுள்ள பொதுச் சாலைகளில் நடக்கும் உரிமையை மட்டும். நாயும் மாடும் நடக்கிற, வேற்று மதத்தவரும் நடக்கிற சாலையில் ஈழவரும் புலையரும் நடக்கக் கூடாதாம். மார்ச் 30 அன்று முதல் நாள் அனுப்பியது மூன்றே பேரை: புலையரான குஞ்ஞப்பி, ஈழவரான பாகுலேயன், நாயரான கோவிந்தப் பணிக்கர். மூவரும் சேர்ந்து தடைப் பலகை வரை நடந்தார்கள். போலீஸ் சாதியைக் கேட்டு, நாயர் மட்டும் போகலாம் என்றது. அவர் மற்ற இருவரையும் விட்டுப் போக மறுத்தார். மூவரும் கைது. வழக்கின் மொத்த நியாயமும் அங்கே நின்றவர்கள் கண்ணெதிரே நடந்து முடிந்துவிட்டது. மைக்கே தேவைப்படவில்லை.

உங்கள் கோரிக்கையை மூன்று கேள்விகளால் உரசிப் பாருங்கள். கண்ணால் பார்க்கக்கூடியதா? விளக்கம் இல்லாமலே அநியாயம் என்று படுகிறதா? சாதாரண ஆள் ஒருவர் தானே இறங்கிச் செய்ய அதில் ஏதாவது இருக்கிறதா? "கிராமப்புறப் போக்குவரத்துக் கட்டமைப்பை மேம்படுத்து" என்பது மூன்றிலும் தோற்கும். "7.10 பஸ்ஸைத் திருப்பிக் கொடு" மூன்றிலும் தேறும், ஏனென்றால் பிள்ளைகளோடு ஒருநாள் ஊரே நடந்து போகலாம். மற்ற 13 கோரிக்கைகளைத் தூக்கிப் போட வேண்டியதில்லை. மனுவில் இணைத்துக்கொள்ளுங்கள், நோட்டீஸில் வேண்டாம்.

படி 3: முதலில் கடிதம், அதில் ஒரு கணக்கு

நேரே சாலையில் உட்காருகிறவரை ஊர் சந்தேகமாகப் பார்க்கும். "கேட்டுப் பார்த்தோம், கொடுக்கவில்லை" என்று சொல்ல முடிந்தால் பாதிச் சந்தேகம் போய்விடும். மனு கொடுப்பது அதற்காகத்தான். பதில் வருகிறதோ இல்லையோ, பெற்றுக்கொண்டதற்கான ரசீது முக்கியம்.

1930 மார்ச் 2 அன்று காந்தி வைஸ்ராய்க்கு எழுதிய கடிதத்தை நோட்டீஸ் எழுதுகிற ஒவ்வொருவரும் ஒருமுறை முழுசாகப் படிக்க வேண்டும். "அன்பு நண்பரே" என்று தொடங்குகிறது. சட்டத்தை மீறுவதற்கு முன்னால் உங்களிடம் வந்து ஒரு வழி தேடுகிறேன் என்கிறார். அடுத்து, பிரிட்டிஷ் ஆட்சி ஒரு சாபம் என்று நேரடியாகச் சொல்கிறார், ஆனால் எந்த ஆங்கிலேயருக்கும் தீங்கு செய்யும் எண்ணம் இல்லை என்கிறார். கொண்டுபோய்க் கொடுக்க அவர் தேர்ந்தெடுத்த ஆளும் ஓர் ஆங்கிலேய இளைஞர்தான், ரெஜினால்ட் ரெனால்ட்ஸ். தூது போனவரைப் பார்த்தாலே இது இனப்பகை இல்லை என்று தெரிந்துவிடும்.

கடிதத்தின் நடுவில் வரும் கணக்குதான் எனக்குப் பிடித்த இடம். உங்கள் மாதச் சம்பளம் 21,000 ரூபாய். ஒரு நாளைக்கு 700 ரூபாய்க்கு மேல். இந்தியரின் சராசரி வருமானம் ஒரு நாளைக்கு 2 அணாவுக்கும் (16 அணா ஒரு ரூபாய்) குறைவு. அதாவது நீங்கள் வாங்குவது இந்தியரின் சராசரியைப் போல 5,000 மடங்குக்கு மேல். உங்கள் நாட்டுப் பிரதமர் வாங்குவது பிரிட்டனின் சராசரியைப் போல 90 மடங்குதான்.

அந்த 90 மட்டும் இல்லையென்றால், பெரிய பதவி, பெரிய சம்பளம் என்று யாரும் சமாதானம் சொல்லியிருக்கலாம். லண்டன் கணக்கைப் பக்கத்தில் வைத்ததும் அந்த வழி அடைபட்டுவிட்டது. அத்தோடு விடவில்லை. ஒரு மனிதராக உங்களை நோகடிக்க விரும்பவில்லை, இந்தச் சம்பளம் உங்களுக்குத் தேவையில்லை என்பதும் தெரியும், ஒருவேளை முழுவதும் தர்மத்துக்கே போகலாம், ஆனால் இப்படிப்பட்ட ஏற்பாட்டைத் தூக்கி எறியத்தான் வேண்டும் என்று முடிக்கிறார். ஆளை விட்டுவிட்டு ஏற்பாட்டைப் பிடிக்கிறார். உள்ளூர் அதிகாரியைப் பேர் சொல்லித் திட்ட நாக்கு துடிக்கும்போது இந்த வரிகளை நினைத்துக்கொள்ளுங்கள். அவரும் அடுத்த வருஷம் மாற்றலாகிப் போய்விடுவார், பஸ் வராது.

வைஸ்ராயின் செயலாளரிடமிருந்து நாலு வரியில் வருத்தம் தெரிவித்துப் பதில் வந்தது. மண்டியிட்டு ரொட்டி கேட்டேன், கல் கிடைத்தது என்றார் காந்தி. பைபிளில் வரும் உருவகம் அது. வைஸ்ராய் பக்திமிக்க கிறிஸ்தவர் என்பது ஊரறிந்த சேதி.

நம் மனுவுக்கு வருவோம். "மாணவர்கள் மிகுந்த சிரமத்துக்கு ஆளாகிறார்கள்" என்று எழுதினால் ஆயிரம் மனுக்களோடு ஒன்றாகப் போகும். கணக்குப் போடுங்கள். போக 4, வர 4, நாளைக்கு 8 கிலோமீட்டர். வாரம் 5 நாள், 40. நான்கு வாரத்தில் 160 கிலோமீட்டர். ஆறாம் வகுப்புப் பிள்ளை மாதாமாதம் சென்னையிலிருந்து விழுப்புரம் வரை நடக்கிறது. இதைப் படித்த பிறகு யாரும் "சிரமம்" என்ற சொல்லைத் தேடமாட்டார்கள்.

படி 4: நோட்டீஸ் எழுதுவது

நம் ஊர் நோட்டீஸ்களுக்கு ஒரு நோய் உண்டு. தலைமை, முன்னிலை, வரவேற்புரை, கண்டன உரை, நன்றியுரை என்று பெயர்ப்பட்டியல் முக்கால் பக்கத்தைத் தின்றுவிடும். விஷயம் கீழே எறும்பு எழுத்தில் இருக்கும். பெயர் போடாவிட்டால் கோபித்துக்கொள்வார்கள் என்பது உண்மைதான். அதற்குத் தனியாக ஓர் அழைப்பிதழ் அடித்துக் கொடுத்துவிடுங்கள். தெருவில் கொடுக்கும் தாளில் வேண்டாம்.

நல்ல நோட்டீஸுக்கு நான் எப்போதும் காட்டுவது அமெரிக்காவின் மான்ட்கோமரி நகரத்தில் 1955 டிசம்பரில் வந்ததை. வியாழக்கிழமை, டிசம்பர் 1 மாலை, பஸ்ஸில் வெள்ளையருக்கு இருக்கையை விட மறுத்ததால் ரோசா பார்க்ஸ் கைதானார். அன்று இரவே கல்லூரி ஆசிரியை ஜோ ஆன் ராபின்சன், தான் வேலை பார்த்த கல்லூரியில் நகலெடுக்கும் இயந்திரத்தில் விடிய விடிய நின்று பல்லாயிரக்கணக்கில் நோட்டீஸ் அடித்தார். ஒரு தாளில் மூன்று பிரதிகள், வெட்டிக் கொடுக்க வேண்டியதுதான்.

அது எப்படிப் போகிறது பாருங்கள். இன்னொரு கறுப்பினப் பெண் கைது செய்யப்பட்டிருக்கிறார், பஸ்ஸில் வெள்ளையர் உட்கார எழுந்திருக்க மறுத்ததற்காக என்பது தொடக்கம். "இன்னொரு" என்ற ஒரே சொல், இது முதல் முறை இல்லை என்று சொல்லிவிடுகிறது. அந்த வருஷம் மார்ச்சில்தான் 15 வயதுச் சிறுமி கிளாடெட் கால்வின் இதே காரணத்துக்குக் கைதாகியிருந்தாள். பிறகு ஒரு நியாயம்: பஸ்ஸில் போகிறவர்களில் நான்கில் மூன்று பேர் நாம், நாம் ஏறாவிட்டால் பஸ்ஸே ஓடாது, ஆனால் காலி இருக்கைக்கு முன்னால் நிற்கிறோம். பிறகு வாசிப்பவரின் வீட்டுக்குள் நுழைகிறது: அடுத்த முறை அது நீங்களாக இருக்கலாம், உங்கள் மகளாக, உங்கள் தாயாக இருக்கலாம். கடைசியில் வேண்டுகோள்: திங்கட்கிழமை ஒருநாள் பஸ்ஸில் ஏறாதீர்கள். பள்ளிக்குப் போக வேறு வழி இல்லையென்றால் ஒருநாள் போகாமல் இருந்தால் நஷ்டமில்லை, வேலைக்கு டாக்ஸியிலோ நடந்தோ போகலாம் என்று, சாக்குச் சொல்ல நினைப்பவருக்கும் பதில் அதிலேயே உண்டு.

ஒருநாள் என்று கேட்டதால்தான் மக்கள் துணிந்தார்கள். அந்த ஒருநாள் 381 நாளாக நீண்டது. முதல் தாளிலேயே 381 என்று எழுதியிருந்தால் யார் வந்திருப்பார்கள்?

ஆக, உங்கள் தாளில் முதல் வரியில் நடந்தது, அடுத்து ஒரு கணக்கு, அடுத்து "உங்கள் வீட்டுப் பிள்ளை", கடைசியில் எந்த நாள், எத்தனை மணிக்கு, எங்கே, என்ன செய்ய வேண்டும். எழுதி முடித்ததும் விஷயமே தெரியாத ஒருவரிடம் சத்தமாகப் படிக்கச் சொல்லுங்கள். அவர் எங்கே தடுக்கி நிற்கிறாரோ அந்த வரியைத் திருத்துங்கள். நான் பெரும்பாலும் எங்கள் தெருவில் இஸ்திரி போடும் அண்ணனிடம் கொடுப்பேன். "என்ன சார் இது, கோர்ட் பேப்பர் மாதிரி இருக்கு" என்று அவர் சொன்ன அன்றெல்லாம் திரும்பப் போய் எழுதியிருக்கிறேன்.

படி 5: முழக்கம்

"வாழ்க", "ஒழிக" இரண்டும் டீக்கடைக்காரருக்கு எதையும் சொல்வதில்லை. "போராடுவோம் போராடுவோம், வெற்றி பெறும்வரை போராடுவோம்" கேட்க நன்றாக இருக்கும், எதற்கு என்றுதான் தெரியாது. முழக்கத்துக்குள் பொருளின் பெயர் இருக்க வேண்டும்.

தமிழுக்கு எதுகை, மோனை என்ற வசதி இருக்கிறது, பயன்படுத்துங்கள். 1930ல் ராஜாஜி தலைமையில் திருச்சியிலிருந்து வேதாரண்யத்துக்கு உப்பெடுக்க நடந்தவர்களுக்காக நாமக்கல் கவிஞர் எழுதிக் கொடுத்த பாட்டு நமக்கெல்லாம் தெரியும். "கத்தியின்றி ரத்தமின்றி யுத்தமொன்று வருகுது." கத்தி, ரத்தம், யுத்தம், அடுத்த அடியில் சத்தியம், நித்தியம் என்று இரண்டாம் எழுத்து ஒன்றாகவே தட்டிக்கொண்டு போகிறது. நடக்கும்போது கால் தானாக அந்தத் தாளத்தில் விழும். பொருளையும் பாருங்கள். ஆயுதம் இல்லை என்று முதலிலேயே பயத்தைப் போக்கிவிட்டு, யுத்தம் என்ற வீரச் சொல்லையும் கைவிடாமல் வைத்துக்கொள்கிறது. அடுத்த அடி "நம்பும் யாரும் சேருவீர்" என்று முடிகிறது. அந்த "யாரும்" என்ற சொல் வழியோர வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்திருப்பவரையும் கூப்பிடுகிறது.

முழக்கம் எவ்வளவு சின்னதாகலாம் என்பதற்கு 1968ல் அமெரிக்காவின் மெம்ஃபிஸ் நகரத் துப்புரவுத் தொழிலாளர்கள் பிடித்த தட்டி ஓர் உதாரணம். பிப்ரவரி 1 அன்று குப்பை வண்டியின் அழுத்தும் இயந்திரத்தில் சிக்கி இரண்டு தொழிலாளர்கள் இறந்தார்கள். சுமார் 1,300 பேர் வேலை நிறுத்தம் செய்தார்கள். சம்பளம், பாதுகாப்பு, சங்க அங்கீகாரம் எல்லாம் கேட்டார்கள். தட்டியில் எழுதியதோ "நான் ஒரு மனிதன்", அவ்வளவுதான். பேரன் எடுத்த கறுப்பினத்தவரையும் "பையா" என்று கூப்பிட்ட ஊர் அது. "ஏலே", "டேய்" என்று அழைக்கப்படும் வயதானவர்களைப் பார்த்த நமக்கு அந்தத் தட்டியின் சூடு புரியும்.

நம் பஸ்ஸுக்கு: "பள்ளிக்கூடம் போக பஸ் எங்கே? பாதியில் நின்ன படிப்பு இங்கே!" முன்னால் ஒருவர் கேட்க, பின்னால் கூட்டம் சொல்லலாம். இதைவிட நல்லது உங்கள் ஊர்க் கும்மிப் பாட்டுக்காரம்மாவிடம் கிடைக்கும், கேட்டுப் பாருங்கள்.

படி 6: மேடை

ஏழு நிமிடம் போதும். பன்னிரண்டு பேச்சாளர்கள் என்றால் டீக்கடைக்காரர் மூன்றாவது ஆளிலேயே கிளம்பிவிடுவார்.

பாதிக்கப்பட்டவர் முதலில் பேசட்டும். பிள்ளையின் அம்மா மைக்கைப் பார்த்ததும் பயந்துபோவார் என்றால் ஒரு வழி இருக்கிறது: பக்கத்தில் ஒருவர் நின்று, "காலைல எத்தனை மணிக்கும்மா எழுப்புவீங்க?" என்று கேளுங்கள். அவர் பதில் சொல்லச் சொல்ல அதுவே உரையாகிவிடும். நான் பார்த்தவரை மற்ற எல்லாப் பேச்சையும்விட இதுதான் சாலையில் போகிறவரை நிறுத்துகிறது.

தலைமை உரை ஆற்றுகிறவருக்கு 1955 டிசம்பர் 5 இரவு மான்ட்கோமரியில் 26 வயது மார்ட்டின் லூதர் கிங் பேசியது பாடம். தயாராகச் சுமார் 20 நிமிடம்தான் கிடைத்தது என்று பின்னால் எழுதினார். கூட்டத்தை எழுப்பவும் வேண்டும், எல்லை மீறாமல் பிடிக்கவும் வேண்டும், இரண்டும் ஒரே உரையில் எப்படி என்பதுதான் அவருடைய கவலை. நாம் முதலில் இந்த நாட்டின் குடிமக்கள் என்று நிதானமாகத் தொடங்கினார். பார்க்ஸின் நேர்மையைச் சொன்னார். அதன் பிறகே, மக்கள் சலித்துப்போகும் ஒரு காலம் வருகிறது என்ற வரியைத் திரும்பத் திரும்பச் சொல்லி ஏற்றினார். ஏறிய சூட்டிலேயே கடிவாளத்தையும் போட்டார்: நாம் யாரையும் வீட்டிலிருந்து இழுத்துப் போய்க் கொல்லப்போவதில்லை, சிலுவைகளைக் கொளுத்தப்போவதில்லை. இரண்டும் வெள்ளை இனவெறியர்கள் செய்துவந்தவை. எதிராளி யார், நாம் யார் என்பது அந்த ஒரே வரியில் பிரிந்துவிட்டது. நாம் தவறென்றால் உச்ச நீதிமன்றம் தவறு, அரசியல் சட்டம் தவறு, கடவுளே தவறு என்று மேலே மேலே ஏறிப் போனார். எதிர்த்தரப்பு மதிப்பதாகச் சொல்லிக்கொள்ளும் நூலையே எடுத்து அவர்கள் முன் வைப்பது பழைய உத்தி, இன்றும் வேலை செய்கிறது. "எல்லோருக்கும் கல்வி" என்று சுவரில் எழுதிய துறையிடம் அந்தச் சுவரைக் காட்டுங்கள்.

படி 7: எதிர்வாதத்துக்குப் பதில்

"பெரும்பான்மையோர் பேசுகிற மொழி இந்தி" என்ற வாதத்துக்கு அண்ணா சொன்ன பதில் தமிழ்நாட்டில் இன்றும் டீக்கடையில் ஓடுகிறது: எண்ணிக்கைதான் அளவென்றால் தேசியப் பறவையாக மயில் எதற்கு, காகம்தானே இருக்க வேண்டும்? புள்ளிவிவரத்தை மறுக்கவில்லை. அந்த அளவுகோலையே எடுத்து வேறோர் இடத்தில் வைத்துக் காட்டினார். கேட்டவர் சிரித்தார், அப்புறம் வீட்டில் போய்ச் சொன்னார். பதில் என்பது வீடுவரை தூக்கிப் போகக்கூடியதாக இருக்க வேண்டும்.

உங்களை நோக்கி வருபவை பெரும்பாலும் மூன்று. "யாரோ வெளியாள் தூண்டிவிடுகிறான்" என்பது ஒன்று. வைக்கத்தில் கேரளத் தலைவர்கள் சிறைக்குப் போன பிறகு கடிதம் எழுதி அழைத்ததால் ஈரோட்டிலிருந்து வந்தவர் பெரியார், அங்கே இரண்டு முறை சிறையும் சென்றார். அழைத்தது யார் என்பதைச் சொல்லிவிட்டால் போதும். "பொதுமக்களுக்கு இடைஞ்சல்" என்பது இரண்டாவது. இதை மறுக்காதீர்கள், ஓரளவு உண்மை. ஆம்புலன்ஸுக்கு வழி விட்டு, "உங்களுக்கு ஒரு மணி நேரம், எங்கள் பிள்ளைக்குத் தினமும்" என்று சொல்லுங்கள். மூன்றாவது, "பேச்சுவார்த்தை நடக்கிறதே". மனுவின் ரசீதும் தேதியும் அங்கேதான் உதவும்.

குற்றச்சாட்டைத் தலைப்பாக வைத்து மறுப்பு வெளியிடாதீர்கள். படிப்பவர் மனதில் குற்றச்சாட்டுதான் நிற்கும்.

படி 8: நம் பக்கத்தைச் சரிபாருங்கள்

தண்டி யாத்திரையில் அதிகம் பேசப்படாத ஒரு நாள் மார்ச் 29. பட்காம் என்ற ஊரில் காந்தி தன் ஆட்களையே கூட்டத்தில் வைத்துக் கண்டித்தார். யாத்திரைக்காரர்களுக்காக சூரத்திலிருந்து லாரியில் பால் வந்திருக்கிறது. இரவில் வழி காட்ட ஒரு கூலியாளின் தலையில் கனமான விளக்கை ஏற்றி நடக்க வைத்திருக்கிறார்கள். வைஸ்ராயின் சம்பளத்தைக் கேள்வி கேட்டுக் கடிதம் எழுதிவிட்டு நாம் இப்படி நடந்தால் எந்த முகத்தோடு பேசுவது என்று கேட்டார்.

பொதுமக்கள் சொல்லைவிடப் பிரியாணிப் பொட்டலத்தை வேகமாகக் கவனிப்பார்கள். ஆட்களை வேனில் ஏற்றிக் கொண்டுவந்தால் அன்றே பேச்சு அடிபட்டுப்போகும். பஸ் கேட்டுப் போராடும் நாளில் தலைவர் காரில் வந்து இறங்குவதைப் பற்றி நான் தனியாகச் சொல்ல வேண்டியதில்லை.

படி 9: அடக்குமுறை வந்தால்

வேதாரண்யம் யாத்திரை 1930 ஏப்ரல் 13, தமிழ்ப் புத்தாண்டு அன்று திருச்சியில் கிளம்பியது. சுமார் நூறு தொண்டர்கள், ஏறக்குறைய 240 கிலோமீட்டர். தஞ்சாவூர் கலெக்டர் தார்ன், தொண்டர்களுக்குச் சோறோ இடமோ கொடுத்தால் தண்டனை என்று எச்சரித்தார். மக்கள் சோற்றுப் பொட்டலங்களைச் சாலையோர மரக்கிளைகளில் கட்டித் தொங்கவிட்டார்கள். யார் கொடுத்தது என்று எந்தப் போலீஸ் மரத்தைக் கேட்கும்? ஒரு தடை உத்தரவு ஊரையே போராட்டத்தில் சேர்த்துவிட்டது. வேதாரண்யத்தில் நாவிதர் வைரப்பன், பாதி சவரத்தில் தன் முன்னால் உட்கார்ந்திருப்பவர் போலீஸ்காரர் என்று தெரிந்ததும் கத்தியைக் கீழே வைத்தார், சிறைக்குப் போனார். அவர் யாத்திரையில் நடந்தவர் இல்லை. இந்த வழிகாட்டி முழுக்க நான் தேடிக்கொண்டிருக்கும் எதிர்ச்சாரி மனிதர் அவர்தான்.

மே 21 அன்று குஜராத்தின் தராசனா உப்பளத்தில் சரோஜினி நாயுடு தலைமையில் சுமார் 2,500 பேர் போனார்கள். அமெரிக்கச் செய்தியாளர் வெப் மில்லர் அங்கே நின்று பார்த்தார். வரிசை வரிசையாக வந்தவர்கள் தடியடியில் விழுந்தார்கள், அடியைத் தடுக்க ஒருவரும் கையைக்கூடத் தூக்கவில்லை என்று எழுதினார். மருத்துவக் கொட்டகையில் 320 காயம்பட்டவர்களை அவரே எண்ணினார். அந்தச் செய்தி உலகமெங்கும் நாளிதழ்களில் வந்தது. ஒரே ஒரு கல் பறந்திருந்தால் தலைப்பு "மோதல்" என்று மாறியிருக்கும். காலையில் கைதாகிக் கல்யாண மண்டபத்தில் உட்கார்ந்து மாலையில் வெளியே வரும் நம் போராட்டங்களுக்கும் இது பொருந்தும். யாராவது ஒருவர் கூட்டத்துக்கு வெளியே நின்று எத்தனை பேர், எத்தனை மணி, யார் என்ன சொன்னார் என்று எண்ணிக் குறித்துக்கொள்ள வேண்டும். மாலைச் செய்திக்குறிப்பை அவர்தான் எழுத வேண்டும், உள்ளே போனவர் அல்ல.

படி 10: முடிப்பதை அறிவிப்பது

இதுதான் கஷ்டமான எழுத்து வேலை, ஏனென்றால் கேட்டது முழுசாகக் கிடைப்பது அபூர்வம். 1931 மார்ச் 5 காந்தி–இர்வின் ஒப்பந்தத்தில் உப்புச் சட்டம் போகவில்லை. கடலோர மக்கள் தங்கள் தேவைக்கு உப்பெடுத்துக்கொள்ளலாம் என்பது, கைதிகள் விடுதலை போன்ற சில சலுகைகள்தான் கிடைத்தன. இளைஞர்கள் பலர் கொதித்தார்கள். எது வென்ற தரப்பு என்று சொல்வது முடியாது, சரியும் அல்ல, வெற்றி என்று ஒன்று இருந்தால் அது இருவருக்கும் உரியது என்று காந்தி பத்திரிகைகளுக்குச் சொன்னார். வைக்கத்தில் 1925 நவம்பரில் கோயிலின் மூன்று பக்கச் சாலைகள் திறந்தன, கிழக்குப் பக்கம் திறக்கவில்லை. 1936ல் திருவிதாங்கூரில் கோயில் கதவே திறந்தது.

கிடைத்ததை மிகைப்படுத்தினால் அடுத்த முறை உங்களை நம்பமாட்டார்கள். குறைத்துச் சொன்னால் நடந்தவர்கள் சோர்ந்துவிடுவார்கள். அளந்து எழுதுங்கள். நம் ஊர் பஸ் 7.10க்குப் பதில் 7.40க்கு வந்தது என்று வைத்துக்கொள்வோம். மறுநாள் காலையில் அதே டீக்கடைத் தூணில் ஒட்ட வேண்டிய தாள் இவ்வளவுதான்: "காலை 7.40 பஸ் நேற்று முதல் வருகிறது. முதல் மணிக்குள் பள்ளிக்குப் போய்விடலாம். மாலை பஸ் இன்னும் வரவில்லை. அதற்கு மனு கொடுத்திருக்கிறோம், ரசீது எங்களிடம் இருக்கிறது. அன்று எங்களோடு நடந்தவர்களுக்கும் தண்ணீர் கொடுத்த கடைக்காரருக்கும் நன்றி."